ஜூன் ஒன்றாம் தேதியின் விருந்தாளிகள்

2023 ஜூன் 14, புதன்கிழமை. காலை 4.50-க்கு எழுந்தேன். 4.55-க்குத் தரைத்தொட்டியின் மூடியைத் திறந்து டார்ச் அடித்துப் பார்த்தேன். தண்ணீர் மூன்றாவது படிக்குக் கீழே இருந்தது. ஐந்து மணிக்கு மோட்டார் போட்டு 5.18-க்கு நிறுத்தினேன். பால் பாக்கெட் இரண்டு. செய்தித்தாள் 6.10-க்குத்தான் வந்தது. திருமுல்லைவாயிலில் எங்கள் தெருவில் அன்று வேறு விசேஷம் இல்லை, எதிர் வீட்டுக்காரர் தன் காரை மறுபடியும் எங்கள் கேட்டுக்கு முன்னால் நிறுத்தியிருந்ததைத் தவிர. இவ்வளவும் டைரியில் இருக்கிறது.

"தொட்டியை எட்டிப் பாத்தாச்சா? இன்னிக்குக் கோர்ட்டுன்னு தண்ணியும் பயந்து எறங்கிடப் போவுதா?" என்று கேட்டுக்கொண்டே மனைவி காபியை வைத்தாள்.

அன்று எங்கள் வழக்கின் இறுதி விசாரணை. எங்கள் என்றால் இரண்டு பேர். நான் ஆவடிக்கு அந்தப்பக்கம் உள்ள ஒரு கல்லூரியில் நூலக உதவியாளர். இன்னொருவர் அதே கல்லூரியில் வேதியியல் ஆய்வக உதவியாளர். என்னைவிட எட்டு வயது மூத்தவர். நான் அவரை அண்ணே என்பேன். அவர் என்னை நைனா என்பார். இருவரும் 2010 ஜூன் 2 அன்று ஒரே நாளில், ஒரே மேசையில், ஒரே பேனாவால் கையெழுத்துப் போட்டு வேலைக்குச் சேர்ந்தோம். பேனா என்னுடையது. அவர் அதைத் திருப்பித் தரவில்லை. அதையும் எழுதிவைத்திருக்கிறேன்.

சேர்ந்தது தற்காலிகப் பணியில். ஆய்வகத்திலும் நூலகத்திலும் நிரந்தர இடங்கள் காலியாகவே இருந்தன. அந்த இடங்களின் வேலையை நாங்கள் பார்த்தோம், அந்த இடங்களின் சம்பளம் மட்டும் எங்கள் பக்கம் வரவில்லை. பதின்மூன்று வருடம் தொடர்ந்து பார்த்துவிட்டோம், நிரந்தரமாக்குங்கள், வித்தியாசச் சம்பளத்தை நிலுவையாகக் கொடுங்கள் என்பதுதான் எங்கள் மனு. நிர்வாகத்தின் பதில் மனு ஒரே வரியில் நின்றது: தொடர்ந்து எங்கே பார்த்தார்கள், ஒவ்வொரு வருடமும் ஒரு நாள் பணியில் இல்லையே.

அது உண்மை. ஒவ்வொரு மே 31 மாலையும் எங்களைப் பணியிலிருந்து விடுவித்து ஒரு தாள் வரும். ஜூன் 2 காலை புதிதாகச் சேர்த்துக்கொண்டு இன்னொரு தாள் வரும். நடுவில் ஜூன் ஒன்றாம் தேதி நாங்கள் யாரோ. 2014-இல் அந்தத் தேதி ஞாயிற்றுக்கிழமையில் விழுந்தது. ஞாயிறு இடைவெளி சட்டப்படி நிற்காது என்று யாரோ சொல்ல, அந்த வருடம் மட்டும் திங்கட்கிழமைக்குத் தள்ளிவைத்தார்கள். இடைவெளி விடுவதிலும் அவ்வளவு ஒழுங்கு.

எனக்கு இன்னும் எட்டு வருடம் இருந்தது. தோற்றாலும் மேல்முறையீடு, அது இது என்று ஓட்டலாம். அண்ணனுக்கு அந்த ஜூன் முப்பதோடு அறுபது. நிரந்தரப் பணியாளருக்கு ஓய்வு உண்டு, பணிக்கொடை உண்டு, நிலுவை உண்டு. தற்காலிகப் பணியாளருக்கு ஓய்வே கிடையாது. அடுத்த தாள் வராது, அவ்வளவுதான். யாராவது நினைவு வைத்திருந்தால் ஒரு சால்வை கிடைக்கும். எனவே ஜூன் 14 அன்று உண்மையில் விசாரணைக்கு வந்தது அவருடைய பதினாறு நாள்.

அவர் அதைப் பற்றி அதிகம் பேசமாட்டார். "சால்வை வேணாம் நைனா. ஆவடி வெயில்ல சால்வைய போத்திக்கினு இன்னா பண்றது? ஒரு பெடஸ்டல் ஃபேன் குடுக்கச் சொல்லு" என்பார். ஆனால் மே மாதத்திலிருந்து ஷேர் ஆட்டோவில் போகும்போது விரல் விட்டு நாட்களை எண்ணிக்கொண்டிருந்தார். நான் கவனிக்காததுபோல் பருத்திப்பட்டு ஏரியைப் பார்த்துக்கொண்டு வருவேன்.

இந்த ஜூன் ஒன்றாம் தேதியைப் பற்றிக் கொஞ்சம் விவரமாகச் சொல்ல வேண்டும்.

பணியில் இல்லாத நாள் என்றால் வீட்டில் இருக்கலாம் என்று வெளியில் உள்ளவர்கள் நினைப்பார்கள். முதல் வருடம் நாங்களும் அப்படித்தான் நினைத்தோம். 2011 மே 31 மாலை, தாளைக் கொடுத்த கையோடு அலுவலகக் கண்காணிப்பாளர் தொண்டையைச் செருமினார். எல்லாரும் அவரைச் சூப்பிரண்டு என்றுதான் அழைப்போம். நல்ல மனிதர், கொஞ்சம் பயந்தவர்.

"நாளைக்கு நீங்க ரெண்டு பேரும் டூட்டி இல்ல. ஆனா அட்மிஷன் நேரம் பாருங்க, லேபும் லைப்ரரியும் பூட்டியிருந்தா பாக்க நல்லா இருக்காது. வந்துடுங்க. கையெழுத்து மட்டும் போடாதீங்க."

"சம்பளம் சார்?" என்றார் அண்ணன்.

"கையெழுத்து இல்லையே. எப்படி சம்பளம்?"

மறுநாள் 8.40-க்குப் போனால் வாயில் காவலர் கையை நீட்டித் தடுத்தார். அவர் முன்னால் பார்வையாளர் நோட்டு விரிந்திருந்தது. பெயர், ஊர், யாரைப் பார்க்க, வந்த காரணம், உள்ளே வந்த நேரம், வெளியே போன நேரம், சந்தித்தவர் கையொப்பம் என்று ஏழு கட்டம்.

"இன்னாடா இது? தெனம் உனக்கு டீ வாங்கித் தர்றவன்டா நானு" என்றார் அண்ணன்.

"அது நேத்து வரைக்கும் அண்ணாத்தே. இன்னிக்கு நீ யாரோ. சூப்பிரண்டு சொல்லிக்கீறாரு, எழுதாம உள்ள உட்டா என் சீட்டு கிழிஞ்சிடும்."

சூப்பிரண்டின் யோசனைதான் அது. பணியில் இல்லாத ஆள் வளாகத்துக்குள் இருந்து, ஏதாவது விழுந்து, ஏதாவது உடைந்து, ஆடிட்டில் கேள்வி வந்தால்? பார்வையாளர் என்று எழுதிவிட்டால் கவலை இல்லை. பார்வையாளர் வெளியே போகும்போது சந்தித்தவர் கையெழுத்து வேண்டும் என்பதும் அவர் போட்ட விதி. அதனால் மாலையில் எங்களுக்கு அவரே கையெழுத்துப் போட்டு வெளியே விடுவார். மனசு கேட்காமல் மதியம் தன் சொந்தக் காசில் நாலு மெதுவடையும் காபியும் வரவழைப்பார். "விருந்தாளியைச் சும்மா அனுப்பக் கூடாதுப்பா" என்பார். அதிலிருந்து அந்த நாளுக்கு எங்களுக்குள் விருந்தாளி நாள் என்று பெயர் ஆகிவிட்டது.

வந்த காரணம் என்ற கட்டத்தில் நான் எழுதியது: நூலக அலமாரிகள் தூசி தட்டுதல், பழைய இதழ்களைக் கட்டுதல். என் கீழ்வரியில் அண்ணன் எழுதியது: காத்து வாங்க.

"அண்ணே, ஒழுங்கா எழுதுங்க."

"ஒழுங்கா எழுதினா மட்டும் நம்மள வேலைக்காரன்னு சொல்லப் போறானா? விருந்தாளி இன்னா வேணா எழுதுவான்."

அதன்பிறகு ஒவ்வொரு வருடமும் அதற்காகவே யோசித்து வருவார். ஒரு வருடம் 'மாமியார் வீட்டு விருந்து'. ஒரு வருடம் 'சும்மா'. 2017-இல், ஐம்பத்து நாலு வயதில், 'பொண்ணு பாக்க'. காவலர் சிரித்துச் சிரித்து இருமினார். சூப்பிரண்டு மாலையில் கட்டங்களைப் படிக்காமலே கையெழுத்துப் போடுவார். அவருக்குக் கடைசிக் கட்டம் நிரம்ப வேண்டும், அதுதான் கணக்கு.

இதையெல்லாம் இந்த ஏப்ரல் மாதம், பதில் மனு எங்கள் கைக்கு வந்தபோது, வழக்கறிஞரிடம் சொன்னேன். அவர் முப்பத்தைந்து வயதுப் பெண்மணி. கொரட்டூரில் வீட்டின் முன்னறையே அலுவலகம். அண்ணனும் கூட இருந்தார். வழக்கறிஞர் பேனாவைக் கீழே வைத்தார்.

"சார், திரும்பச் சொல்லுங்க. நீங்க வேலைக்கு வரலைன்னு அவங்க சொல்ற நாள்ல, உள்ள வந்த நேரம், வெளிய போன நேரம், அவங்க ஆஃபீஸரோட கையெழுத்து, எல்லாம் அவங்க நோட்டுலயே இருக்கா?"

"இருக்க வேண்டும் மேடம்."

"கேஸ் போட்டு இத்தனை நாள்ல இதை ஒரு தடவைகூட எங்கிட்ட சொல்லணும்னு தோணலையா?"

தோன்றவில்லை. பார்வையாளர் நோட்டு என்பது எங்கள் மனதில் ஒரு அவமானமாக இருந்தது. ஆதாரமாக இருக்கும் என்று நினைத்ததே இல்லை.

பழைய நோட்டுகளைத் தேடி அலைய வேண்டியிருக்கவில்லை. காவலர் அறையில் டேபிள் ஃபேனுக்கு உயரம் போதாமல் அவற்றைத்தான் அடியில் அடுக்கியிருந்தார். "எடுத்துக்கோ அண்ணாத்தே, ஆனா ஃபேனுக்கு வேற எதுனா வையி" என்றார். இரண்டு செங்கல் வைத்தோம். அதற்கு முன் சூப்பிரண்டிடம் அனுமதி கேட்டேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, "பார்வையாளர் நோட்டு பார்வையாளர் பாக்கத்தான் இருக்கு. நான் எதையும் பாக்கல" என்றார்.

2011 முதல் 2022 வரை பன்னிரண்டு விருந்தாளி நாட்கள்; வழக்கு நடந்ததால் 2023 மே 31-இல் மட்டும் தாள் வரவில்லை. 2020, 2021 இரண்டு வருட ஜூன் ஒன்றும் கொரோனா அடைப்பில் போய்விட்டன. அந்தப் பக்கங்கள் காலி. "அன்னிக்கு பிரின்சிபாலும்தான் வரல. அவருக்கும் சர்வீஸ் பிரேக்கா?" என்றார் வழக்கறிஞர். மீதிப் பத்தும் கிடைத்தன. ஒவ்வொரு பக்கத்திலும் என் வரி, அதன் கீழே அண்ணன் வரி, இரண்டிலும் சூப்பிரண்டின் கையெழுத்து.

வழக்கறிஞர் ஒவ்வொன்றாகப் படித்தார். முதல் மூன்று பக்கம் சிரித்தார். நான்காவதில் சிரிப்பு நின்றது.

"சார் உங்க கேஸ் இரும்பு மாதிரி இருக்கு. ஆனா அவரோடது... 'சும்மா', 'காத்து வாங்க', 'பொண்ணு பாக்க'. எதிர்த்தரப்பு இதை விடுவாங்களா? இவர் வேலைக்கு வரல, பொழுதுபோக்க வந்தாருன்னு இவர் கையாலயே எழுதிக் கொடுத்திருக்காரேம்பாங்க."

"என் வரிய உட்டுட்டு நைனா வரிய மட்டும் போடுங்க மேடம்" என்றார் அண்ணன், மிகச் சாதாரணமாக, பேருந்தில் இடம் விடுவதுபோல. "என்னுது தனியா இன்னா ஆவுதோ ஆவட்டும். மேல் வரிய மட்டும் படம் புடிச்சா போச்சு. போன்ல வெட்ற வசதி கீதே."

வழக்கறிஞர் மறுக்கவில்லை. முடிவை எங்களிடம் விட்டார்.

நடந்ததை நடந்தபடி எழுதுகிறவன் இதையும் எழுத வேண்டும். அன்று வீட்டுக்கு வந்து 2017-ஆம் வருடப் பக்கத்தின் படத்தைப் போனில் வெட்டிப் பார்த்தேன். மேல் வரி மட்டும் இருந்தது. நன்றாகத்தான் இருந்தது, கச்சிதமாக, ஒரு குறையும் சொல்ல முடியாமல். பத்து நிமிடம் அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். வெட்டிய ஓரத்தில் அவருடைய 'பொண்ணு' என்ற சொல்லின் கொம்பு மட்டும் சின்னதாக நீட்டிக்கொண்டிருந்தது. அதை அழித்துவிட்டு அலமாரியிலிருந்து டைரிகளை இறக்கினேன்.

கல்லூரி விட்டு நாங்கள் இருவரும் ஒரே ஷேர் ஆட்டோவில்தான் ஆவடி நிலையம் வருவோம். வழியெல்லாம் அவர் அன்றைய வேலையைத் திட்டிக்கொண்டே வருவார். நான் அதை இரவு டைரியில் இரண்டு வரியாகச் சுருக்குவேன். அவருக்காக எழுதியதில்லை. தண்ணீர் மட்டம் எழுதுவதுபோல அதையும் எழுதினேன். மூன்று மாலைகளில் பத்து டைரியையும் பார்த்து முடித்தேன். 2012: கண்ணாடிக் குடுவைகள் முழுவதும் கழுவிக் கவிழ்த்தார். 2014, திங்கள்: அமில அலமாரி துடைக்கும்போது வலது ஆள்காட்டி விரலில் பட்டது, சூப்பிரண்டு களிம்பு கொடுத்தார். 2016: வெள்ளத்தில் ஊறி இறுகிப்போன மேசை இழுப்பறைகளை உளி வைத்துத் திறந்தார், ஒன்றில் யாருடைய ரெக்கார்டு நோட்டோ காளான் பூத்திருந்தது. 2018: ஆய்வகக் கழுவுதொட்டிக்கு அடியில் சாரைப்பாம்பு, துடைப்பத்தால் ஓட்டினார், முதல்வர் மாடிப்படியிலிருந்து யோசனை சொன்னார். 2013-இல் மட்டும் இப்படி இருந்தது: அவர் என்ன செய்தார் என்று கேட்கவில்லை. அசதி.

"இந்த 2013-ஐ விட்டுடலாமா மேடம்?"

"ஐயோ, அதை முதல்ல வைங்க. அதைப் பாத்தாத்தான் மத்ததை நம்புவாங்க" என்றார்.

நோட்டின் முழுப் பக்கங்களும் டைரியின் முழுப் பக்கங்களும் வழக்குக் கட்டில் சேர்ந்தன. எதையும் வெட்டவில்லை.

ஜூன் 14 காலை 8.02 கடற்கரை லோக்கலில் ஏறினேன். அண்ணன் ஆவடியிலேயே ஏறி, கைக்குட்டை போட்டு எனக்கு இடம் வைத்திருந்தார். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை. பையில் என் பேனா, 2010-இல் வாங்கியது.

"அது என் பேனா அண்ணே."

"தீர்ப்பு வரட்டும், நிலுவையோட சேத்துத் தரேன்."

கடற்கரையில் இறங்கி உயர் நீதிமன்றத்துக்கு நடந்தோம். எங்கள் எண் முப்பத்தேழு. 12.20-க்குக் கூப்பிட்டார்கள். வாதம் ஆங்கிலத்தில் நடந்தது. எங்கள் வழக்கறிஞர் பார்வையாளர் நோட்டைக் காட்டினார். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் எழுந்தார், மூக்குக்கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, வந்த காரணங்களை மட்டும் தமிழிலேயே நிறுத்தி நிறுத்தி வாசித்தார். 'பொண்ணு பாக்க' வந்ததும் பின்வரிசை ஜூனியர்கள் எல்லாரும் சிரித்தார்கள். நீதிபதியும் கையால் வாயை மூடிக்கொண்டார். பிறகு அண்ணனைப் பார்த்துத் தமிழில் கேட்டார்.

"பொண்ணு அமைஞ்சுதா?"

அண்ணன் கையைக் கட்டிக்கொண்டு எழுந்தார். "இல்லீங்கய்யா. ஊட்ல ஏற்கெனவே ஒண்ணு கீது."

இன்னொரு சிரிப்பு. நான் சிரிக்கவில்லை. ஏனென்றால் எதிர்த்தரப்பு அடுத்து என் டைரியின் நகலைக் கையில் எடுத்துவிட்டது. ஒவ்வொரு நாளும் பக்கத்தின் தலையில் அந்த நாளின் நிலையை எழுதுவது என் வழக்கம்: பணி, விடுப்பு, ஞாயிறு என்று. பத்து விருந்தாளி நாட்களின் தலையிலும் நீல மையில், அடிக்கோட்டுடன், நான் எழுதியிருந்தது: இன்று பணி இல்லை.

"மனுதாரர்களின் சொந்த ஆவணமே சொல்கிறது. ஒருவர் காற்று வாங்க வந்தார். மற்றவர் பணி இல்லை என்று தன் கையாலேயே எழுதிவைத்தார். இதற்கு மேல் நாங்கள் என்ன நிரூபிக்க வேண்டும்?"

பத்து முறை அடிக்கோடு போட்ட கை என்னுடையது. விளையாட்டாக எழுதியவர் அவர். ஒழுங்காக எழுதியவன் நான். இருவரும் சேர்ந்தே அவருடைய கடைசிப் பதினாறு நாளை எதிர்த்தரப்பிடம் எடுத்துக் கொடுத்துவிட்டோம் என்று தோன்றியது. அண்ணன் என் பக்கம் திரும்பாமல் முழங்காலால் என் முழங்காலை ஒருமுறை இடித்தார். பரவாயில்லை என்று அர்த்தமா, பாத்தியா நைனா என்று அர்த்தமா, தெரியவில்லை.

நீதிபதி நோட்டின் நகலைத் திரும்பப் புரட்டினார். நேரக் கட்டத்தில் விரலை வைத்தார். "8.40 முதல் 5.30. 8.42 முதல் 5.35. எல்லா வருடமும் ஏறத்தாழ இதே." விரல் கடைசிக் கட்டத்துக்கு நகர்ந்தது. "இந்தக் கையெழுத்து யாருடையது? வந்திருக்கிறாரா?"

சூப்பிரண்டு மூன்றாவது வரிசையில் நிர்வாகத்தின் கோப்புகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எழுந்தார். கோப்பில் ஒன்று கீழே விழுந்தது.

"நீங்க போட்டதா?" தமிழில்தான் கேட்டார்.

"ஆமாங்கய்யா."

"ஒரு ஆள் சும்மா வந்து ஒன்பது மணி நேரம் இருந்திருக்கார். வருஷா வருஷம். நீங்களும் கையெழுத்துப் போட்டு அனுப்பியிருக்கீங்க. அந்த ஒன்பது மணி நேரம் என்ன செஞ்சார்?"

எதிர்த்தரப்பு வழக்கறிஞர் திரும்பி சூப்பிரண்டைப் பார்த்தார். சூப்பிரண்டு அவரைப் பார்த்தார், பிறகு விழுந்த கோப்பைப் பார்த்தார், பிறகு அண்ணனை. நான் கைக்கடிகாரத்தைப் பார்த்தேன், 12.41.

"லேப் கழுவினாருங்கய்யா."

"எந்த வருஷம்?"

"எல்லா வருஷமும். இவரும் லைப்ரரியில வேலைதான் பாத்தாரு. ரெண்டு பேரையும் வரச் சொன்னது நான்தான்." கொஞ்சம் நிறுத்தி, யாரும் கேட்காமலே சேர்த்தார்: "மத்தியானம் வடை வாங்கிக் கொடுத்தேன்."

நீதிபதி அங்கேயே சொல்லி முடித்துவிட்டார். அந்த ஒரு நாள் இடைவெளிகள் கணக்கில் வரா. பணி தொடர்ச்சியானது. ஓய்வு வயதை எட்டுகிறவருக்கு ஜூன் முப்பதுக்குள் நிரந்தர ஆணை தர வேண்டும், எனக்கு எட்டு வாரத்துக்குள். நிலுவை இருவருக்கும் அதற்குப் பின் மூன்று மாதத்தில். உத்தரவின் நகல் இன்னும் கைக்கு வரவில்லை என்றும், நிர்வாகம் மேல்முறையீட்டுக்குப் போகலாம் என்றும் அன்றைய டைரியில் எழுதியிருக்கிறேன். அது என் சுபாவம்.

வெளியே வராந்தாவில் சூப்பிரண்டு தனியாக நின்று கோப்புகளை அடுக்கிக்கொண்டிருந்தார். அண்ணன் நேராக அவரிடம் போனார். காலில் கீலில் விழுந்துவிடுவாரோ என்று பயந்தேன். விழவில்லை.

"வா சார், டீ சாப்டலாம்."

"எனக்கும் இன்னும் நாலு வருஷம் இருக்குப்பா. நாளைக்குக் காலேஜ் செயலாளர் என்ன சொல்லப் போறாரோ" என்றார் சூப்பிரண்டு.

"அத்த நாளைக்குப் பாப்போம். இன்னிக்கு நீ எங்க விருந்தாளி. வந்த காரணம் மட்டும் சொல்லு, எழுதிக்கிறேன்."

சூப்பிரண்டுக்குச் சிரிப்பு வரக் கொஞ்சம் நேரமானது. வந்துவிட்டது. எதிரே இருந்த கடையில் மூன்று டீயும் மூன்று மசால்வடையும். மெதுவடை தீர்ந்துவிட்டிருந்தது. காசு அண்ணன் கொடுத்தார்.

மாலை 4.25 லோக்கலில் திரும்பினோம். வில்லிவாக்கம் வரை அவர் என் பேனாவைத் திறந்து மூடிக்கொண்டு வந்தார். கொரட்டூரில் கூட்டம் இறங்கியதும் ஜன்னலோரம் நகர்ந்து உட்கார்ந்தார்.

"நைனா, அந்த டைரி. மேல 'பணி இல்ல'ன்னு கோடு போட்டு எழுதிக்கினு, கீழ ரெண்டு வரி நான் பண்ண வேலைய எழுதி வச்சிக்கீறியே. உனக்கே கேலியா தெரியல?"

"அன்று பணி இல்லை என்றுதான் தாளில் இருந்தது அண்ணே. இருந்ததை எழுதினேன்."

"இப்போ மாறிடுச்சில்ல? அத்த மாத்து."

"டைரியில் திருத்தம் செய்வதில்லை."

"கோர்ட்டே திருத்திக்கீது. நீ இன்னா கோர்ட்டுக்கு மேலயா?" அம்பத்தூர் வந்தது. வண்டி நின்று கிளம்பியது. பிறகு அவர் குரல் கொஞ்சம் இறங்கியது. "நான் சும்மா சும்மான்னு எழுதினதெல்லாம் அப்படியே கெடக்கட்டும். அது என் திமிரு. ஆனா நீ எழுதினா அது நெசம்னு ஆயிடுது. அதான் கேக்குறேன்."

திருமுல்லைவாயில் வந்துவிட்டது. இறங்கினேன். ஜன்னல் வழியாகக் கையை நீட்டி என் பேனாவைக் கொடுத்தார். மை தீர்ந்திருந்தது.

ஜூன் 15, வியாழக்கிழமை. 4.50-க்கு எழுந்தேன். தொட்டிப் பக்கம் போகவில்லை. கூடத்து விளக்கைப் போட்டுப் பத்து டைரிகளை மேசையில் வருட வாரியாக அடுக்கினேன். ஸ்கேலை வைத்து, ஒவ்வொரு விருந்தாளி நாளின் தலையிலும், 'இன்று பணி இல்லை' என்பதன் மேல் சிவப்பு மையில் ஒரே ஒரு கோடு போட்டேன். கீழே இருப்பது படிக்கத் தெரிய வேண்டும், அலுவலகத்தில் அதுதான் முறை. மேலே 'பணி நாள்' என்று எழுதி, ஓரத்தில் சுருக்கொப்பமும் அன்றைய தேதியும் இட்டேன். 2020, 2021 இரண்டையும் அலமாரியிலிருந்து எடுக்கவே இல்லை. அந்த இரண்டு நாளும் யாருக்கும் பணி இல்லை.

2013-இல் மட்டும் கை நின்றது. அவர் என்ன செய்தார் என்று கேட்கவில்லை, அசதி. 5.12-க்கு அவருக்குப் போன் செய்து, அந்த வருடம் விருந்தாளி நாளில் ஆய்வகத்தில் என்ன வேலை செய்தீர்கள் என்று கேட்டேன்.

"நைனா, மணி அஞ்சுடா. தூங்கினு கீறேன்னு எழுதிக்கோ."

எழுதிக்கொள்ளவில்லை. அந்த வரியை அப்படியே விட்டுவிட்டு, தலைப்பில் மட்டும் கோடு போட்டு, பணி நாள் என்று எழுதினேன். பிறகுதான் டார்ச்சை எடுத்துக்கொண்டு தொட்டியைத் திறக்கப் போனேன்.